அமுக்கிவிட்ட கால்

நாற்காலியில உட்கார்ந்து இதை எழுதுறேன். ரெண்டு பாதமும் தரையில. கால் மேல கால் போடக் கூடாது, சம்மணம் போடக் கூடாது, குத்த வச்சு உட்காரக் கூடாது, முழங்கையை மேசையில ஊன்றக் கூடாது. பேனாவை இறுக்கிப் பிடிக்கிறதும் ஆகாதாம், அதனால கையெழுத்து அப்படி இப்படித்தான் இருக்கும். இதெல்லாம் ஒரு பொழைப்பான்னு டாக்டரம்மாகிட்டயே கேட்டேன். "கால் திரும்பி வந்துச்சுல்ல, சந்தோசப்படுங்க"ன்னாங்க. உங்களை மாதிரி பயந்துக்கிட்டு வீட்டுக்குள்ள கிடக்கிறவங்க படிக்கட்டும், நடந்ததை எழுதுங்கன்னு சொன்னதும் அவங்கதான்.

என் பேரு வள்ளிமயில். கடலாடிக்குப் பக்கத்துல ஒரு கிராமம். பால்வாடி டீச்சர். வீட்டுக்காரர் சேதுராமு, மழையை நம்பி மிளகாய் போடுற சம்சாரி. ஒரே மக கௌசல்யா, அப்ப ஒண்ணாப்பு படிச்சா.

ஊருக்குள்ள இலவச டிவி கொடுத்த வருசம் அது. மிளகாய் நல்லா காய்ச்சிருந்துச்சு. ஆள் கிடைக்கலை. பால்வாடி லீவு நாளா பாத்து நானே களத்துல இறங்கி, காஞ்ச வத்தல்ல வெள்ளை விழுந்ததைப் பொறுக்கிப் போட்டேன். காலையில குத்த வச்சவ, வெயில் சாயுற வரைக்கும் அப்படியே நகர்ந்து நகர்ந்து பொறுக்கினேன். எந்திரிச்சா இடது கால் மரத்துப் போயிருக்கு. மரத்த காலை உதறினா சரியாப் போகும்னு உதறினேன். பாதம் தொங்குச்சே தவிர மேல வரலை. சரி, வீட்டுக்கு நடந்தா ரத்தம் ஓடும்னு நடந்தேன்.

வாசல்ல கௌசல்யா நின்னுக்கிட்டு, "அம்மா, ஒத்தக் கால் செருப்பு எங்கம்மா?"ன்னா.

குனிஞ்சு பாத்தேன். வலது காலில செருப்பு இருக்கு. இடது காலில இல்லை. எங்க கழன்றுச்சுன்னு எனக்குத் தெரியலை. கருவ முள்ளு கிடக்கிற பாதையில அம்புட்டுத் தூரம் வெறுங்காலோட வந்திருக்கேன், ஒரு முள்ளு ஏறி ஒடிஞ்சும் இருக்கு, அதுவும் தெரியலை.

எங்க பால்வாடிச் சுவத்துல சுகாதார நர்ஸ் ஒட்டிட்டுப் போன ஒரு படம் இருக்கும். உணர்ச்சி இல்லாத தோல், மடங்கின விரல், தொங்கின பாதம், செருப்பு கழன்றது தெரியாம நடக்கிற ஆள். கீழ பெரிய எழுத்துல தொழுநோய்னு போட்டிருக்கும். பிள்ளைகளுக்கு அ, ஆ சொல்லிக் கொடுக்கிறப்ப தினமும் அந்தப் படத்துக்குக் கீழதான் நான் நிப்பேன். "கிட்ட வராத"ன்னு கௌசல்யாவைப் பாத்து ஒரு சத்தம் போட்டேன். அவ அப்படியே நின்னுட்டா.

நான் ஏன் அப்படிப் பயந்தேன்னு தெரியணும்னா எங்க அய்யாவைப் பத்திச் சொல்லணும். அய்யா கரி மூட்டம் போடுற இடத்துல மூட்டை தூக்கினவர். நான் சின்னப் பிள்ளையா இருந்தப்ப ஒரு நாள் அவரு வலது கை மணிக்கட்டோட தொங்கிப்போச்சு. வெரல் விறைச்சுக் கிடக்கு. ஊர்ல ஒருத்தர் விடாம, இது பெருவியாதி, அதான் தொழுநோய்னு சொன்னாங்க. கொஞ்ச நாள்ல கை தானா சரியாச்சு. "பாரு ஆத்தா, வெரல் ஆடுது பாரு"ன்னு என்கிட்ட ஆட்டிக் காட்டினாரு. அப்பறம் இன்னொரு கை தொங்குச்சு. அதுக்கு மேல யாரும் அவருக்குத் தண்ணி கொடுக்கலை. தட்டைத் தனியா வச்சாங்க, படுக்கையைக் கொல்லையில போட்டாங்க. ஒரு நாள் காலையில, ராமேஸ்வரம் போறேன்னு பஸ் ஏறிட்டாரு. அங்க கடலுக்குப் போற தெருவுல வரிசையா உட்கார்ந்து பிச்சை எடுக்கிறவங்களோட உட்கார்ந்துட்டாராம். ரொம்ப நாள் கழிச்சு, அவரு செத்துட்டாருன்னு பாம்பன்ல கருவாடு வாங்கி விக்கிற ஒருத்தர் வந்து சொல்லிட்டுப் போனாரு. யாரு கேட்டாலும் உங்க அய்யா பாம்பு கடிச்சுச் செத்தாருன்னு சொல்லுன்னு அம்மா எனக்குச் சொல்லி வச்சா. கல்யாணப் பேச்சுலயும் பாம்புதான் கடிச்சுச்சு.

இப்ப அந்தப் பாம்பு என் காலைக் கடிச்சிருச்சுன்னு நினைச்சேன்.

அன்னைக்குச் சாயங்காலமே என் தட்டு, என் டம்ளர், என் பாய் எல்லாத்தையும் தனியா ஒதுக்கிட்டேன். கௌசல்யாவுக்குத் தலை பின்னிவிடுறதை நிறுத்தினேன். பக்கத்து வீட்டு அக்கா பின்னிவிட்டுச்சு. பள்ளிக்கூடம் விட்டு வந்து மடியில விழ வர்ற பிள்ளையை, "போ, போய் அங்கன உட்காரு"ன்னு விரட்டினேன். அவ முதல்ல அழுதா. பிறகு, "நான் என்னம்மா தப்பு பண்ணேன்?"னு கேட்டா. அடுப்புப் பக்கம் திரும்பிக்கிட்டேன்.

பால்வாடிக்கு லீவு போட்டேன். அடுத்தவங்க பிள்ளைக்கு முட்டை உரிச்சுக் கொடுக்கிற கை இது. எவளாவது ஒரு தாய்க்குத் தெரிஞ்சா என்னாகும்?

வீட்டுக்காரர் மட்டும் நான் விரட்டினாலும் போகலை. "ஏய் புள்ள, நரம்பு பிசகியிருக்கும். இதுக்கெல்லாம் ஆஸ்பத்திரியா? நான் அமுக்கி விடுறேன்"னு உட்கார்ந்துட்டாரு. சோறு தின்னு கை கழுவினதும் நல்லெண்ணெயைச் சுட வச்சு, என் காலைத் தூக்கி மடியில போட்டு, முழங்காலுக்குக் கீழ வெளிப்பக்கமா ஒரு எலும்பு முண்டா இருக்குமே, அங்க கட்டைவிரலை ஊன்றி அமுக்குவாரு. மண்வெட்டி பிடிச்ச கை, சும்மா இருக்குமா? உசிரு போகும். பிறகு பழைய வேட்டியைக் கிழிச்சு அதே இடத்துல இறுக்கிக் கட்டி விடுவாரு. "தொடாதீங்க, ஒட்டிக்கும்"னு நான் கத்துவேன். "ஒட்டினா ஒட்டட்டும் போ"ம்பாரு. ஒரு நாள் விடாம செஞ்சாரு. மூணு மாசம் ஆச்சு, பாதம் ஒரு விரல்கடை கூட மேல வரலை.

அப்பறம்தான் ராமநாதபுரத்துல ஒரு தோல் டாக்டர்கிட்டப் போனோம். அவரு முழங்கையையும் முழங்காலையும் தடவிப் பாத்தாரு. "நரம்பு கொஞ்சம் தடிச்ச மாதிரி இருக்கே"ன்னாரு. காது மடல்ல லேசாக் கீறி எடுத்துக் கண்ணாடியில தடவினாங்க. கிருமி தெரியுதான்னு பாக்கிறதுக்காம். தெரியலை. தோல்ல தேமலும் இல்லை. "சிலருக்கு நரம்புல மட்டும் வரும்மா. சந்தேகத்துக்கு மாத்திரையை ஆரம்பிப்போம். மதுரையில நரம்பு டாக்டரையும் பாத்துடுங்க. பயப்படாதீங்க, இது இப்ப குணமாகிற வியாதி, மாத்திரை போட்டா யாருக்கும் பரவாது"ன்னு நிதானமாத்தான் சொன்னாரு. நான் பால்வாடியில தாய்மாருக்கு எடுத்துச் சொன்னதும் அதேதான். புத்திக்கு எல்லாம் தெரியும். பயத்துக்கு ஒண்ணும் தெரியலையே!

அந்த மாத்திரை அட்டையை ரவிக்கைக்குள்ள ஒளிச்சுத்தான் வீட்டுக்குக் கொண்டு வந்தேன். முதல் நாள் மாத்திரை போட்டுட்டு ஒண்ணுக்குப் போனா செக்கச்செவேல்னு போகுது. மாத்திரையோட நிறம்தான் அப்படிப் போகும்னு சொல்லித்தான் கொடுத்தாங்களாம், என் காதுல எங்க விழுந்துச்சு? ரத்தம்னு நினைச்சு ஓன்னு அழுதுட்டேன்.

மதுரையில ஒரு பெரிய ஆஸ்பத்திரி. வெளியே பெஞ்சுல உட்காரவே இடம் கிடைக்காது. நான் சுவத்தோரமா, யாரு மேலயும் படாம நின்னேன். உள்ள நரம்பு டாக்டரம்மா, கண்ணாடி போட்டவங்க, காலைத் தூக்கச் சொல்லிப் பாத்துட்டு வார்டுல சேரச் சொல்லிட்டாங்க. கௌசல்யாவை என் நாத்தனார் வீட்டுல பரமக்குடியில விட்டுட்டு வந்திருந்தோம்.

வார்டுல நான் போர்வையை எடுத்ததே இல்லை. அந்தப் புழுக்கத்துல கால் முழுக்க மூடிக்கிட்டுக் கிடந்தேன். பக்கத்துக் கட்டில்ல ஒரு மாமியாரும் மருமகளும். மாமியாருக்கு வாய் ஒரு பக்கம் கோணிப் போயிருந்துச்சு. அந்த மருமக கொண்டு வந்த இட்லியில எனக்கும் ரெண்டு எடுத்து, கையாலேயே நீட்டுச்சு. நான் கையை நீட்டலை. "அக்கா, வாங்கிக்கோங்க, பட்டினியாவா கிடப்பீங்க?"ன்னு மல்லுக்கட்டுச்சு. "தட்டுல வைம்மா"ன்னு என் தட்டைத் தள்ளினேன். கர்வம் பிடிச்ச பொம்பளைன்னு நினைச்சிருக்கும், நினைச்சுட்டுப் போகட்டும்.

கரண்ட் டெஸ்ட் எடுத்தாங்க. நரம்புல ஒரு இடத்துல லேசா கரண்ட் வச்சு, அது இன்னொரு இடத்துக்கு எம்புட்டு வேகமாப் போய்ச் சேருதுன்னு மிஷின்ல பாக்கிறாங்க. எடுத்தது ஒரு சின்னப் பொண்ணு. "பல்லைக் கடிச்சுக்கோங்கக்கா"ன்னு சொல்லிச் சொல்லி வச்சுச்சு. சுள்ளு சுள்ளுன்னு கடிக்கும். ஒவ்வொரு கடிக்கும் கால் என்னைக் கேட்காம தானாத் துள்ளும். இடது காலுக்கு அப்பறம் வலது கால் வச்சுச்சு, கை வச்சுச்சு. "கை நல்லாத்தானே இருக்கு?"ன்னேன். அந்தப் பொண்ணு எந்திரிச்சுப் போய் டாக்டரம்மாவைக் கூட்டிக்கிட்டு வந்துச்சு. ரெண்டு பேரும் மிஷினைப் பாத்துக்கிட்டே நின்னாங்க. எனக்குக் கையிலயும் வந்திருச்சு, அய்யாவுக்கு வந்த மாதிரியே வந்திருச்சுன்னு உள்ள ஒரே ஓலம்.

டாக்டரம்மா ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாங்க. "உங்க வீட்டுல வேற யாருக்காவது இப்படிக் கையோ காலோ விழுந்திருக்கா?"

"இல்ல டாக்டர்."

"அம்மா?"

"நல்லா இருந்தாங்க. வயசாகி இறந்தாங்க."

"அப்பா?"

"பாம்பு கடிச்சு."

கதவோரம் நின்ன வீட்டுக்காரர் தொண்டையைக் கனைச்சாரு. "பாம்பும் இல்ல, ஒண்ணும் இல்ல டாக்டர். இவ அய்யாவுக்கு முதல்ல ஒரு கை விழுந்துச்சு, அது சரியாகி மறு கை விழுந்துச்சு. பெருவியாதின்னு ஊர்ல ஒதுக்கிட்டாங்க."

எனக்கு எழுந்து அவரு வாயைப் பொத்தணும் போல இருந்துச்சு, காலு ஒத்துழைக்கலை. "உங்களுக்கு எப்படித் தெரியும்?"னு கேட்டேன்.

"எங்க சித்தப்பா உங்க அய்யாவோட கரி மூட்டத்துல வேலை பாத்தவரு. பொண்ணு பாக்க வாரதுக்கு முன்னாடியே தெரியும்"னாரு. அம்புட்டுத்தான். ஏதோ கடைச் சாமான் விலை சொல்றது மாதிரி சொன்னாரு. தெரிஞ்சேதான் கட்டியிருக்காரு. தெரிஞ்சேதான் தினமும் என் காலைத் தூக்கி மடியில போட்டிருக்காரு. அழுகை வந்துச்சு, டாக்டரம்மா முன்னாடி அழ வெட்கமா இருந்துச்சு, அழுதுட்டேன்.

டாக்டரம்மா அதெல்லாம் கவனிக்கலை. அவங்க முகமே மாறிப் போச்சு. "முதல் கை சரியாச்சா? தானாவா?"ன்னு வீட்டுக்காரரைக் கேட்டாங்க. நான்தான் சொன்னேன். "ஆமா டாக்டர். வெரலை ஆட்டிக் காட்டினாரு."

அதுக்கப்பறம் என் காலைத் திருப்பிப் பாத்துட்டு, "முழங்காலுக்குக் கீழ இது என்ன தழும்பு?"ன்னாங்க.

வீட்டுக்காரருக்குப் பெருமை தாங்கலை. "நான்தான் டாக்டர். ஒரு நாள் தவறாம எண்ணெய் போட்டு அமுக்கி, இறுக்கிக் கட்டி விடுவேன்."

அவங்க "இனிமே அமுக்காதீங்க. கட்டாதீங்க"ன்னு மட்டும் சொன்னாங்க.

ரத்தம் எடுத்து எங்கேயோ வெளியூருக்கு அனுப்பினாங்க. அதுக்குக் கேட்ட தொகையில வீட்டுக்காரர் முகம் செத்துப்போச்சு. விலை ஏறட்டும்னு வச்சிருந்த வத்தல் மூட்டையெல்லாம் வந்த விலைக்குப் போச்சு. முடிவு வர்ற வரைக்கும் அந்தப் பழைய மாத்திரையை நிறுத்தச் சொன்னாங்க. காலுக்கு பிளாஸ்டிக்குல ஒரு தாங்கி கொடுத்து ஊருக்கு அனுப்பினாங்க. கௌசல்யா பரமக்குடியிலயே இருக்கட்டும்னு நான்தான் பிடிவாதம் பிடிச்சேன். காத்துக்கிடந்த அந்த நாளெல்லாம் எப்படிப் போச்சுன்னு கேட்காதீங்க. தொட்ட இடத்தையெல்லாம் டெட்டால் போட்டுத் துடைச்சேன். ஒரு நாள் தாங்கியைக் கழட்டிட்டுப் பாதத்தைப் பாத்தா, பெருவிரல் லேசா அசைஞ்ச மாதிரி இருந்துச்சு. பிரமைன்னு நினைச்சு யார்கிட்டயும் சொல்லலை. மறுநாளும் அசைஞ்சுச்சு.

முடிவு வந்ததும் மதுரைக்குப் போனோம். டாக்டரம்மா தாளை வச்சுக்கிட்டு, எனக்குப் புரியுற மாதிரி சொன்னாங்க. கரண்ட் வயருக்கு மேல ரப்பர் இருக்குல்ல, அது மாதிரி நம்ம நரம்புக்கும் மேல ஒரு உறை சுத்தியிருக்கு. அது ஏட்டுக்கு மேல ஏடா, மெல்லிசு மெல்லிசா பல சுத்து. அந்த ஏடு கலையாம சேர்ந்து நிக்க ஒரு புரதம் வேணும். அந்தப் புரதத்தை எப்படிச் செய்யணும்னு உடம்புக்குச் சொல்ற ஜீனுக்கு பி.எம்.பி. 22-ன்னு பேரு. எல்லாருக்கும் அது ரெண்டு இருக்கும், அம்மாகிட்டயிருந்து ஒண்ணு, அப்பாகிட்டயிருந்து ஒண்ணு. எனக்கு ஒண்ணுதான் இருக்கு. அதனால உறை சரியா அமையலை, அமுங்கினா நரம்பு படுத்துக்கும். குத்த வச்சா கால் விழும். தோள்ல மூட்டை தூக்கினா, கட்டில் சட்டத்துல கையைப் போட்டுத் தூங்கினா, கை விழும். சும்மா விட்டா சில வாரத்துல, சில மாசத்துல அதுவா எந்திரிக்கும்.

"அப்ப இது பெருவியாதி இல்லையா?"

"இல்லவே இல்ல. உங்க அப்பாவுக்கும் இதுவாத்தான் இருந்திருக்கணும்."

எங்க அய்யா எனக்கு விட்டுட்டுப் போனது, அந்த ஜீன் இருக்க வேண்டிய ஒரு காலி இடம். ரெண்டாவது கையும் சரியாகிற வரைக்கும் யாராவது ஒரு வாய் தண்ணி கொடுத்து வீட்டுல வச்சிருந்தா, அந்த வெரலையும் எனக்கு ஆட்டிக் காட்டியிருப்பாரு. பிச்சைக்காரங்க வரிசையில போய் உட்கார்ந்திருக்க மாட்டாரு.

வீட்டுக்காரர் அவரு ரெண்டு கையையும் திருப்பித் திருப்பிப் பாத்துக்கிட்டு இருந்தாரு. "அப்ப நான் அமுக்கினதுதான் கால் எந்திரிக்காமப் போனதுக்குக் காரணமா டாக்டர்?"

"தெரியாமத்தானே செஞ்சீங்க"ன்னாங்க. அவரு தலையைக் குனிஞ்சுக்கிட்டாரு. எனக்கு அவரு மேல கோபம் வரலை. அந்தக் கையைப் பிடிச்சுக்கணும் போலத்தான் இருந்துச்சு, பிடிச்சுக்கிட்டேன். அவரு பயந்துபோய், அமுக்காம, வெரல் நுனியால தொட்டுக்கிட்டு இருந்தாரு.

நான் கேட்க வேண்டியது ஒண்ணு பாக்கி இருந்துச்சு. "டாக்டர், இது என் பிள்ளைக்கு ஒட்டுமா?"

"தொட்டா ஒட்டாது. ஒரே தட்டுல தின்னாலும் ஒட்டாது."

அப்பாடான்னு மூச்சு விட்டேன். அவங்க இன்னும் முடிக்கலை. "ஆனா உங்க அப்பாகிட்டயிருந்து உங்களுக்கு வந்த மாதிரி, உங்ககிட்டயிருந்து அவளுக்குப் போயிருக்கலாம். பாதிக்குப் பாதி. போயிருந்தா, கரு உண்டானப்பவே போயிருக்கும்."

தனித் தட்டு, தனி டம்ளர், டெட்டால், பரமக்குடி. தலை பின்னாம, மடியில ஏத்தாம, கிட்ட வராதன்னு விரட்டின அத்தனை மாசம். கொடுத்திருந்தா, அவ மொகத்தைப் பாக்கிறதுக்கு முன்னாடியே நான் கொடுத்து முடிச்சிருக்கேன். இப்பவே டெஸ்ட் எடுத்துடுங்கன்னு கெஞ்சினேன். "தெரிஞ்சும் இப்ப செய்ய மருந்து இல்லம்மா. வளரட்டும், அவளே முடிவு பண்ணட்டும். குத்த வச்சு ரொம்ப நேரம் உட்கார விடாதீங்க, அது போதும்"னாங்க.

பயம் போகலை. வேற இடத்துக்கு மாறி உட்கார்ந்துக்கிச்சு, அவ்வளவுதான். முன்னாடி நான் அவளைத் தொட்டா பயம். இப்ப அவ தடுக்கி விழுந்தா பயம்.

பரமக்குடி போய்க் கூட்டிட்டு வந்தோம். பஸ்ல அவ அவங்க அய்யா பக்கமே உட்கார்ந்துக்கிட்டா. வீட்டுக்கு வந்ததும், நான் ஒண்ணும் சொல்லாமலே, அவ டம்ளரை எடுத்துத் தனியா வச்சுட்டு, அவ பாயை இழுத்துத் தள்ளிப் போட்டுக்கிட்டா. நான் கத்துக்கொடுத்த பாடம்தான். அதை விடப் பெரிய கரண்ட் டெஸ்ட் எனக்கு யாரும் எடுக்கலை.

ஒரு ஞாயித்துக்கிழமை மத்தியானம். நான் கட்டில்ல படுத்திருந்தேன். அவ கீழ கால் மடக்கி உட்கார்ந்து படம் வரைஞ்சுக்கிட்டு இருந்தா.

"கௌசி, கால் மரத்துரும், நீட்டி உட்காரு. இல்லாட்டி மேல ஏறி அம்மாகிட்ட வந்து படு."

"ஒட்டிக்கும்ல?"

"ஒட்டாது ஆத்தா. டாக்டரம்மா சொல்லிட்டாங்க."

"அப்ப ஏன் கிட்ட வராதன்னு சொன்ன?"

"அம்மா பயந்துட்டேன்."

அவ பென்சிலைக் கீழ வச்சா. எந்திரிச்சப்ப அவ பாதத்தைத்தான் பாத்தேன், ரெண்டும் ஒழுங்கா மேல வந்துச்சு. ஏறி வந்து என் கையை இழுத்துப் போட்டு, அது மேல தலையை வச்சுப் படுத்துக்கிட்டா. எத்தனை மாசத்துக்கு அப்பறம்! எண்ணெய் வாடையும் வேர்வை வாடையுமா இருந்தா. நான் அசையலை.

கொஞ்ச நேரத்துல சுண்டு விரல்ல சுருக்குன்னுச்சு. பிறகு மோதிர விரல். கை மேல பாரம் ஏத்தாதேன்னு அம்புட்டுச் சொல்லியிருக்காங்க. இன்னும் கொஞ்சம் இருக்கட்டும், இன்னும் கொஞ்சம்னு பாத்தேன். உள்ளங்கை மரக்க ஆரம்பிச்சதும் பயம் வந்திருச்சு.

மெல்ல அவ தலையைத் தூக்கினேன். உடனே கண்ணைத் திறந்து, "போகவாம்மா?"ன்னா.

"போகாத. இங்கன படு"ன்னு என் வயித்து மேல வச்சுக்கிட்டேன்.